பிராட்பி கேடயமும் கண்டியின் றகர் வரலாறும்

விளையாட்டின் வரலாற்றையும் வரலாறாகக் கொள்ளும் வழக்கம் நம்மிடையே இன்னும் வேரூன்றவில்லை. மன்னர், போர், நிலவுடைமை, சமயம், மொழி ஆகியன பற்றி எழுதப்படுவதிற் சிறு பங்கேனும் ஒரு பந்தைப் பற்றி எழுதப்படுவதில்லை. ஆயின், கண்டியிலோ பேராதனையிலோ சில ஆண்டுகள் வாழ்ந்த எவரும் ஒன்றை அறிவர். திரினிட்டிக் கல்லூரியும் கொழும்பு றோயல் கல்லூரியும் பிராட்பி கேடயத்திற்காக மோதும் நாளில் நகரின் போக்கே மாறிவிடுகின்றது. பேருந்திலே இடமிராது, விடுதிகளில் அறை கிடையாது, கல்லூரியை விட்டு முப்பது ஆண்டு கடந்தோரும் பழைய மாணவர் கழுத்துப்பட்டி அணிந்து, தொண்டை கட்டும்வரை கத்துவர். ஒரு கேடயத்திற்கு இத்தனை மதிப்பு எவ்வாறு வந்தது என்பதும், அக்கேடயம் எதனை நினைவில் வைத்து எதனை விட்டுவிட்டது என்பதும் ஆராயத்தக்கவை.

உலகம் றக்பி என வழங்கும் ஆட்டத்தை இலங்கையர் றகர் என்றே சொல்வர். இப்பெயர் ஆங்கிலேயக் கல்லூரி மாணவரிடையே பிறந்த செல்லப்பெயர். அதனை இந்நாட்டிற்குக் கொணர்ந்தோரும் அவ்வகைக் கல்லூரிகளிற் பயின்றோரே. 1867இல் கண்டிக்குப் புகையிரதம் வந்தது. மலைநாடெங்கும் கோப்பித் தோட்டங்கள் பரந்திருந்த காலம் அது. தோட்டத்துரைமார் வார இறுதியிற் கூடி ஆடுவதற்கெனக் கண்டி விளையாட்டுக் கழகம் 1874இல் தோன்றியது. 1879இல் கொழும்பிலும் றகர் ஆட்டம் அரங்கேறிற்று. கோப்பி நோயுற்று அழிந்து தேயிலை அதனிடத்தைப் பிடித்தபோதும் துரைமாரின் ஆட்டம் நிற்கவில்லை. அவர்கள்தம் ஓய்வுக்கும் செல்வத்துக்கும் அடிப்படையாயிருந்தது, தமிழகத்திலிருந்து மன்னார் வழியாகக் காடு கடந்து நடந்து வந்த தொழிலாளரின் உழைப்பு. இதனை இங்கு குறிப்பது வழக்கமான ஒரு வாசகத்தைச் சேர்ப்பதற்காக அன்று. பின்னர் இதற்கு மீள வேண்டியிருக்கும்.

துரைமாரின் ஆட்டம் இந்நாட்டுச் சிறுவரின் ஆட்டமானது ஓர் ஆசிரியரால். லூயி எட்மண்ட் பிளேஸ் திரினிட்டிக் கல்லூரியின் பழைய மாணவர், பறங்கியர் சமூகத்தவர், இந்தியாவிற் சில காலம் கற்பித்துவிட்டுத் திரும்பி, 1891 மே மாதத்தில் கண்டியில் ஒரு சிறு பள்ளியைத் தொடங்கினார். தொடக்க நாளிற் சேர்ந்த மாணவர் பதினொருவரே. பின்னாளில் கிங்ஸ்வூட் கல்லூரி எனப் பெயர் பெற்றது அதுவே. இலங்கைப் பாடசாலையொன்றில் றகர் முதன்முதல் ஆடப்பட்டது அங்கேதான். வேறு பள்ளி எதுவும் ஆடாமையால் நெடுங்காலம் எதிரணி கிடையாது! தம் மாணவர் இரு கூறாகப் பிரிந்து ஆடுவதே வழியாயிருந்திருக்கும். திரினிட்டி இவ்வாட்டத்தை மேற்கொண்ட பின்னரே, 1906இல், போகம்பரையில் இரு கல்லூரிகளும் மோதின. இலங்கையில் இரு பாடசாலைகளுக்கிடையே நடந்த முதலாவது றகர் ஆட்டம் அது. ஆளுக்கு 6 புள்ளிகளுடன் வெற்றி தோல்வியின்றி முடிந்தது. பந்தை எதிரணியின் கோட்டுக்கப்பால் நிலத்தில் ஊன்றும் 'ட்றை' ஒன்றுக்கு அக்காலத்தில் 3 புள்ளிகளே வழங்கப்பட்டன. எனவே, இரு பக்கமும் இவ்விரு தடவை கோட்டை எட்டியோ பந்தை உதைத்தோ புள்ளி பெற்றன எனக் கொள்ளலாம்.

பிளேஸ் வெறும் விளையாட்டு ஆர்வலர் அல்லர். பாடசாலை மாணவர்க்கு இலங்கை வரலாற்று நூல் எழுதியவர். நாட்டின் வரலாற்றை நூலாக எழுதிய அம்மனிதர் தொடக்கி வைத்த ஆட்டத்தின் வரலாறு, அவர் பள்ளியைக் கடந்து வேறிடத்திற் போய் நிலைத்தது நகைமுரணே.

அந்த வேறிடம் திரினிட்டி. 1904 முதல் 1924 வரை அதன் அதிபராயிருந்த ஏ. ஜி. பிரேசர் பாதிரியார், சிங்களமும் தமிழும் வகுப்பறையிற் கற்பிக்கப்படவேண்டும் என வற்புறுத்தியவர் என்ற வகையில் நம் கவனத்துக்குரியவர். ஆங்கிலமே கல்வி என்றிருந்த காலத்தில் அது எளிய நிலைப்பாடன்று. அஸ்கிரியவில் மலைச்சரிவை வெட்டிச் சமமாக்கி ஆடுகளம் அமைத்ததும் அவர் காலத்திலேயே. தாய்மொழியையும் றகரையும் ஒருவரே ஒரே பள்ளியிற் புகுத்தினார் என்பது, ஆங்கில விளையாட்டு, சுதேசப் பண்பாடு என இரண்டையும் எதிரெதிரே நிறுத்திப் பேசுவோர் எண்ணிப் பார்க்கவேண்டிய செய்தி. 1920இல் திரினிட்டி, றோயல் கல்லூரியுடன் முதன்முறையாக ஆடியது. அன்று கேடயம் எதுவும் இல்லை. வென்றவர்க்குப் பெருமை, தோற்றவர்க்கு அடுத்த ஆண்டு, அவ்வளவே.

கேடயம் வந்தது 1945இல். அதனை வழங்கிய ஈ. எல். பிராட்பி அப்போது றோயல் கல்லூரியின் அதிபர். போர்க்காலம் அவருடைய கல்லூரியைக் கலைத்துப் போட்டிருந்தது. கட்டிடங்களைப் படையினர் எடுத்துக்கொள்ள, வகுப்புகள் வேறு இல்லங்களில் நடைபெற்றன. கண்டியின் நிலையும் வேறுபட்டதன்று. 1944 முதல் மவுண்ட்பேட்டன் பிரபுவின் தென்கிழக்காசியப் படைத் தலைமையகம் பேராதனைப் பூங்காவிலே இயங்கியது. இன்று மாணவர் நிழல் தேடி நடக்கும் அதே மரங்களின் கீழ்ப் பர்மாப் போருக்கான கட்டளைகள் எழுதப்பட்டன. போர் முடிவுறும் அவ்வாண்டில், இரு கல்லூரிகளின் ஆட்டத்துக்கு ஒரு நிலையான வடிவம் தரப்பட்டது.

அவ்வடிவத்தின் சிறப்பு அதன் விதியில் உள்ளது. ஆண்டுக்கு இரண்டு ஆட்டங்கள்: ஒன்று கொழும்பில், மற்றொன்று கண்டியில். இரண்டிலும் பெற்ற புள்ளிகளைக் கூட்டி, மொத்தத்தில் முந்துவோர்க்கே கேடயம். இவ்விதி எளிதாகத் தோன்றினும் அதன் விளைவுகள் பல. இரண்டாவது ஆட்டத்தில் தோற்ற அணி கேடயத்தைத் தூக்கிச் செல்லலாம்; வென்ற அணி கண்ணீருடன் நிற்கலாம். முதலாட்டத்தில் 10 புள்ளிகள் பின்தங்கிய அணிக்கு, அடுத்ததில் 9 புள்ளிகளால் வெல்வது வெற்றியன்று. ஆதலின் இறுதி நிமிடங்களில் மைதானமே கணக்குப் போடும். தண்டனை உதை கிடைத்தால் கம்பத்தை நோக்கி உதைத்து 3 புள்ளிகளுடன் அமைவதா, கோட்டை நோக்கி ஓடிப் பெரும்பேறு தேடுவதா என்று தலைவன் கணத்தில் முடிவு செய்யவேண்டும். அம்முடிவைப் பற்றிய வாதம் அடுத்த ஆண்டுவரை ஓயாது.

இவ்விதியில் மற்றொரு பொருளும் உண்டு. ஆட்சி, வணிகம், பத்திரிகை, உயர்பதவி யாவும் கொழும்பில் குவிந்த நாடு நம்முடையது. கொழும்புக் கல்லூரியொன்றின் அதிபர் வழங்கிய கேடயம், கண்டிக்கு வந்து ஆடாமல் எவருக்கும் கிட்டாது என்பது அக்குவிவுக்குச் சிறியதொரு விலக்கு. பின்னாளில் அகில இலங்கைப் பாடசாலைகளுக்கான லீக் போட்டிகளும் வெளியேற்றச் சுற்றுகளும் வந்தன. தர்மராஜ, புனித அந்தோனியார், வித்யார்த்த முதலிய கண்டிக் கல்லூரிகளும் ஆற்றல் மிக்க அணிகளை உருவாக்கின. 1990கள் முதல் கண்டி விளையாட்டுக் கழகம் நாட்டின் கழகப் போட்டிகளில் ஓங்கி நின்றதும் இக்கல்லூரிகளின் விளைச்சலாலேயே. நாடளாவிய கிண்ணங்கள் பெருகிய பின்பும் இரு கல்லூரிகளே ஆடும் இக்கேடயத்தின் மதிப்புக் குறையவில்லை.

ஆனால், ஒரு கேடயம் தான் பிறந்த ஆண்டையே வரலாற்றின் முதலாண்டாக்கி விடுகின்றது. 'எத்தனையாவது பிராட்பி?' என்று கேட்கிறோம், 1945இலிருந்து எண்ணுகிறோம். 1920 முதல் 1944 வரை ஆடியோர் இவ்வெண்ணிக்கையில் இல்லை. 1906இல் போகம்பரையில் ஓடிய முப்பது சிறுவர் அதற்கும் அப்பாற்பட்டோர். பிளேஸின் பதினொரு மாணவரை நினைப்பார் இன்னும் அரியர். புள்ளிகளின் ஒப்பீடும் நம்பத்தக்கதன்று. 'ட்றை'யின் பெறுமதி 1970களின் தொடக்கத்தில் 4 ஆகவும் 1992இல் 5 ஆகவும் உயர்ந்தது. ஆகவே, அண்மைக்கால மொத்தம் ஒன்றைக் காட்டி, ஐம்பதுகளின் அணி வலிமை குன்றியது என்பார் கூற்று அடிப்படையற்றது. (இவ்வாதம் இரு கல்லூரிப் பழைய மாணவரிடமும் எடுபடாது என்பதை நாம் அறிவோம்.)

விடுபட்டோர் வேறு சிலரும் உளர். கேடயம் வந்து மூன்றாண்டு கழிய, 1948இல் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரில் மிகப் பெரும்பாலோரை நாடற்றோராக்கியது. கண்டியைச் சூழ்ந்த தோட்டங்களின் பிள்ளைகளுக்குச் சில வகுப்புகளே கொண்ட தோட்டப் பள்ளிதான் கல்வியின் எல்லை. ஆடுகளத்தின் எல்லைக்கோட்டைக் கடப்பதற்கு முன் அவர்கள் கடக்கவேண்டிய கோடுகள் பலவாயிருந்தன. தமிழர் எவரும் இவ்விளையாட்டு மரபில் இல்லை என்பது இதன் பொருளன்று. திரினிட்டியில் கிரிக்கெட் அணித் தலைவராகவும் றகர் வீரராகவும் விளங்கி, பின் இலங்கைப் பல்கலைக்கழகத்தில் சட்டம் பயின்று, வெளிநாட்டமைச்சராகி 2005இல் கொல்லப்பட்ட லக்ஷ்மன் கதிர்காமர் நன்கறியப்பட்ட சான்று. கிரிக்கெட்டில், கட்டுகஸ்தோட்டைப் புனித அந்தோனியார் கல்லூரியின் முத்தையா முரளிதரன், 2007 திசம்பரில் பிரேசரின் அதே அஸ்கிரிய மைதானத்தில் ஷேன் வோர்னின் 708 விக்கெட்டுச் சாதனையைக் கடந்தார். எனினும் மானிப்பாய்க் குடும்பமும் கண்டித் தொழிலதிபர் குடும்பமும் வேறு. லயத்து வீடு வேறு.

1945 முதல் 2019 வரை எண்ணினால் எழுபத்தைந்து ஆண்டுகள். 2019இல் ஆடப்பட்டதும் 75 ஆவது பிராட்பி. கணக்கில் ஓர் ஆண்டும் தவறவில்லை. 1971 கிளர்ச்சியின் ஆண்டு அதில் 27. 1983 மே மாதத்திற் பேராதனை வளாகத்துத் தமிழ் மாணவர் தாக்கப்பட்டு விடுதிகளை விட்டகன்றனர். யூலையில் கண்டியிலும் தமிழர் கடைகள் எரிந்தன. கேடயத்தின் வரிசையில் அவ்வாண்டு 39. அதற்குமேல் ஒரு குறிப்பும் இல்லை. இறுதியில் 2020இல் வரிசையை நிறுத்தியது போருமன்று, கலவரமுமன்று, கொரோனாத் தொற்று.

போகம்பரைக்கு மீள்வோம். கண்டி அரசின் இறுதி ஆண்டுகளில், 1814இல், எகலப்பொலைக் குமாரிஹாமி மூழ்கடிக்கப்பட்டதாகக் கூறப்படும் குளம் அங்கேதான் இருந்தது. ஆங்கிலேயர் ஆட்சியில் அது தூர்க்கப்பட்டது. 1876இல் அவ்விடத்தை அடுத்துச் சிறைச்சாலை எழுந்தது. பிராட்பி ஆட்டங்கள் பல அச்சிறையின் நெடுமதிலுக்கு அருகே நடைபெற்றன. மதிலுக்கு அப்பாலிருந்தோர்க்கு ஆரவாரம் மாத்திரம் கேட்டிருக்கும். பிற்காலத்தில் திரினிட்டி தன் ஆட்டத்தைப் பல்லேகலவில் அமைத்த அரங்குக்குக் கொண்டு சென்றது. போகம்பரைச் சிறையும் 2014ஆம் ஆண்டளவில் மூடப்பட்டது. அங்கிருந்த கைதிகள் மாற்றப்பட்டதும் பல்லேகலவுக்கே.