சண்டேசர் காணியும் சந்நிதிக் கடையும்

சிவாலயத்தை வலம்வரும் அன்பர்கள் வடபாற் சுற்றிலே சண்டேசர் திருமுன் நின்று, இரு கைகளையும் மெல்லத் தட்டிக் காட்டிச் செல்வர். நாயனார் செவியில் விழச் செய்யும் ஓசை அஃது என்பர் சிலர். திருக்கோயிற் பொருள் ஒன்றும் எம் கையில் இல்லை என்று காட்டுவதே அது என்பர் பெரியோர். பின்னைய பொருளே கல்வெட்டுக்களோடு ஒத்து வருகின்றது. சோழநாட்டுச் சிவாலயங்களில் நிலம் கொள்வதும் விற்பதும், காசு கடன் கொடுப்பதும் ஆதிசண்டேசுவர தேவர் பெயராலேயே நடைபெற்றன. சண்டேசுவரப் பெருவிலை என்பது அக்கால வழக்கு. மண்ணியாற்றங்கரைச் சேய்ஞலூரிலே ஆனிரை மேய்த்த பிள்ளை, கோயிற் சொத்துக்கெல்லாம் காவலராய் விளங்கிய பெருமை இது.

தஞ்சை இராசராசேச்சரத்துப் பண்டாரக் காசு ஊர்ச்சபைகளிடம் கடனாய் நின்றது. காசு ஒன்றுக்கு ஆண்டொன்றுக்கு அரைக்கால் காசு, அன்றேல் முக்குறுணி நெல் பொலிசை. சந்திராதித்தவற் செலுத்துக என்று கல்லில் வெட்டினர். செலுத்தாதார் நிலை யாது? இராசராசன் தன் 24ஆம் ஆட்சியாண்டில், கி.பி. 1009 அளவில், தஞ்சையிலிருந்து இட்ட ஆணையொன்று தொண்டைநாட்டு உக்கலில் உள்ளது. அது கோயிற் கடன் பற்றியதன்று, ஊர் வரி பற்றியது. இரண்டாண்டு நிரம்பியும் வரி இறாதார் நிலத்தை ஊராரே பறித்து விற்கலாம் என்கிறது. உரியதைச் செலுத்தாதவனுக்கு இடத்தில் நிலைத்தல் இல்லை என்னும் நெறி அன்றே இருந்தது. தவணை கொடுத்த பின்னரே அது செயற்பட்டது என்பதும் நோக்கற்பாலது.

இனிக் கடைக்கு வருவோம். சந்நிதித் தெருவிலும் தேரோடும் வீதியிலும் கோயிலுக்குரிய கடைகள் பல. இரண்டாம் உலகப்போரை அடுத்து இடநெருக்கடி மிக்கபோது, குடியிருப்போரைக் காக்கச் சென்னை மாகாணத்தில் 1946, 1949ஆம் ஆண்டுகளில் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டங்கள் வந்தன. 1960ஆம் ஆண்டுச் சட்டம் நெடுங்காலம் நின்றது. ஏழைக் குடித்தனக்காரனுக்கு அது நிழலாயிற்று, அதனைக் குறைகூறேன். ஆயின் அதே நிழலிற் பெருவணிகரும் ஒதுங்கினர். கோயிற் கடையைப் பழைய வாடகைக்கே வைத்துக்கொண்டு, உள்வாடகைக்கு விட்டு ஊதியம் கண்டாரும் உளர்.

1976 ஆகஸ்டு 16ஆம் நாள் அரசாணையால் இந்நிலை மாறிற்று. இந்து, கிறித்தவ, இசுலாமியச் சமய அறநிலையங்களின் கட்டடங்கள் அச்சட்டத்தினின்றும் விலக்கப்பட்டன. வாடகைதாரர் உச்சநீதிமன்றம் வரை சென்றும் விலக்கு நிலைத்தது. அதனாற் கடைக்காரர் நாதியற்றவராகிவிடவில்லை. முறையான அறிவிப்புக் கொடுத்து, உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்கிட்டுத் தீர்ப்புப் பெற்று வெளியேற்றுவது ஒரு வழி. அறநிலையச் சட்டத்தின் 78ஆம் பிரிவு மற்றொரு வழி. குத்தகைக்காலம் கழிந்தும் இடத்தை விடாதவரை அது ஆக்கிரமிப்பாளர் என்றே கொள்கிறது. வாடகையை நியாயமாக வரையறுக்கவும், குறையுண்டேல் முறையிடவும் 34-அ பிரிவில் இடமுண்டு.

பழி ஒருபுறத்ததன்று. பல்லாண்டு உறங்கிய நிருவாகம் ஒருநாள் விழித்து நிலுவை முழுதும் ஒருங்கே கேட்டால், மூன்று தலைமுறையாகத் தேங்காயும் கற்பூரமும் விற்றவன் கலங்காது என் செய்வான்? மற்றொருபுறம், குடமுழுக்கு மலரில் நன்கொடையாளராய்ப் பெயர் பொறிக்கப்பெறுவார் சிலர் கோயிற் கடைக்கே வாடகை நிலுவை வைத்திருப்பதும் நாட்டிற் காணாததன்று. சிவன் சொத்துக் குலநாசம் என்னும் பழமொழியைப் பிறர்மேல் ஏவுதல் நமக்கு எளிதாயிருக்கிறது.

சோணாட்டுக்குப் புறத்தே நிகழ்ந்ததாயினும், மதுரைச் செய்தியைக் கூறாதிருத்தல் இயலாது. 2018 பெப்ரவரி 2ஆம் நாள் இரவு, மீனாட்சி சுந்தரேசுவரர் திருக்கோயிலின் வீரவசந்தராயர் மண்டபத்துக் கடைகளிலே தீப்பற்றியது. கற்றூண்கள் வெடித்தன, மேற்றளத்தின் ஒருபகுதி சரிந்தது. அதன்பின் கோயிலுக்குள் இருந்த கடைகளை அகற்ற முற்பட்டபோது, கடைக்காரர் உயர்நீதிமன்ற மதுரைக் கிளையை நாடினர். நீதிமன்றம் காலிசெய்யுமாறே ஆணையிட்டது. நெடுங்காலம் கோயிலை நம்பிப் பிழைத்தோர் தம் சரக்குகளைச் சுமந்து வெளியேறினர். சிதைந்த மண்டபத்துக்கு ஏற்ற கல்லைத் தேடிக் கொணரும் பணியோ ஆண்டுக்கணக்கில் நீண்டது.