புறக்காழும் அகக்காழும்

திருக்குடமுழுக்கு நாளில் வேள்விச்சாலையில் எழுந்தருளியிருக்கும் கும்பத்தை அன்பர்கள் கண்டு தொழுவர். நூல் சுற்றிய குடம்; அதன் வாயில் மாவிலைக் கொத்து; அதன் நடுவே தேங்காய்; உடன் தருப்பையால் முடிந்த கூர்ச்சம். இவற்றுள் மாவிலை மரத்தின் உறுப்பு, தருப்பை புல். தேங்காயை ஈன்ற தென்னை யாது என்று வினவினால், மரம் என்றே எவரும் விடை பகர்வர். தொல்காப்பியர் வகுத்த இலக்கணப்படி நோக்கினாலோ அதுவும் புல்லேயாகும். இக்கூற்று முதலிற் கேட்பார்க்கு வியப்பைத் தரும். இதன் பொருளை விளக்குவது 'புறக்காழ்' என்னும் பழஞ்சொல். இக்காலத்தில் அருகி மறைந்துவரும் அச்சொல்லின் வரலாறு, திருக்கோயிலின் தேரோடும் கொடிமரத்தோடும் திருமுறை ஏட்டோடும் பின்னிக் கிடப்பது.

தொல்காப்பியப் பொருளதிகாரத்தின் இறுதி இயல் மரபியல். இன்ன பொருளை இன்ன பெயரால் வழங்குதல் ஆன்றோர் மரபு என்று வரையறுப்பது அவ்வியல். விலங்கு, பறவைகளின் இளமைப் பெயர், ஆண்பாற்பெயர், பெண்பாற்பெயர் ஆகியவற்றைக் கூறும் ஆசிரியர், நிலைத்திணைகளை இரண்டாகப் பகுக்கின்றார். புறத்தே காழ் உடையன புல். அகத்தே காழ் உடையன மரம். இதுவே அப்பகுப்பு. 'புறம்' என்னும் சொல்லோடு 'காழ்' என்பது சேர, மகரம் கெட்டு வல்லெழுத்து மிக்குப் புறக்காழ் என நின்றது. அகக்காழ் என்பதும் அவ்வாறே அமைந்தது. காழ் என்பதற்கு ஈண்டு வயிரம், அஃதாவது மரத்தின் இறுகிய பகுதி என்பது பொருள்.

பகுத்ததோடு ஆசிரியர் அமைந்தாரல்லர். அவ்வவற்றின் உறுப்புகளுக்கு உரிய பெயர்களையும் வேறு பிரித்துக் காட்டுகின்றார். தோடு, மடல், ஓலை, ஏடு, இதழ், பாளை, ஈர்க்கு, குலை என்பன புல்லுக்கு உரியன. இலை, தளிர், முறி, தோடு, சினை, குழை, பூ, அரும்பு, நனை என்பன மரத்துக்கு உரியன. தோடு இரு பட்டியலிலும் நிற்பது நோக்கத்தக்கது. காய், பழம், தோல் முதலியன இரண்டற்கும் பொதுவாக வைக்கப்பட்டன. இன்றும் எவரும் மாவோலை என்றோ தென்னந்தளிர் என்றோ கூறுவதில்லை. பனையோலை, தென்னம்பாளை, கமுகங்குலை, மாந்தளிர், வேப்பம்பூ என்றே வழங்குகின்றனர். நூலைக் கல்லாதார் நாவிலும் நூலின் மரபு நின்று நிலவுகிறது. வாழையிலை போன்ற சில வழக்குகள் மட்டுமே அவ்வரையறைக்குப் புறம்பாக நிற்கின்றன.

இப்பகுப்பு கண்ணாற் கண்டு தெளிந்ததென்பதில் ஐயமில்லை. பனையை வெட்டிப் பிளந்தால் விளிம்பு கருத்து இரும்பென இறுகியிருக்கும்; நடுவிடம் மென்மையான சோறாக இருக்கும். கூரை தாங்கும் பனங்கைகளைச் செதுக்குவோர் அச்சோற்றை நீக்கிப் புறவயிரத்தையே கொள்வர். தேக்கினைப் பிளந்தாலோ நிலை மாறும். புறத்தே வெளிறிய பகுதியும் அகத்தே வயிரமும் காணப்படும். பட்டைக்கு உட்புறத்தே புதிய மரப்பகுதி தோன்றிக்கொண்டே இருத்தலின், பழைய பகுதி நடுவில் ஒதுங்கி நாளடைவில் இறுகி வயிரமாகிறது. பனைக்கும் தென்னைக்கும் அத்தகைய வளர்ச்சிப் படலம் இல்லை. அவற்றின் நார்க்கற்றைகள் விளிம்பில் நெருங்கியும் நடுவில் அகன்றும் கிடத்தலால், வலிமை புறத்தே திரண்டு நிற்கிறது.

இங்கிலாந்து நாட்டு நிலைத்திணை நூலறிஞர் ஜான் ரே 1682ஆம் ஆண்டு வெளியிட்ட நூலில், முளைக்கும்போது ஒரு வித்திலை உடையன, இரு வித்திலை உடையன என்னும் பகுப்பினை எடுத்துரைத்தார். மேனாட்டார் வித்தினை நோக்கினர். தமிழ் நூலார் அடியினை நோக்கினர். புல், மூங்கில், கமுகு, தென்னை, பனை ஆகியவை இரு பகுப்பிலும் ஒரே அணியில் நிற்கின்றன. இது பற்றித் தமிழர் மகிழ்வதில் தவறில்லை. ஆயினும், இரண்டும் ஒன்றே என்று சாதித்தல் முறையன்று. முருங்கை இரு வித்திலை உடையது. அதற்கு அகத்தே வயிரம் இல்லை. வாழை ஒரு வித்திலை உடையது. அதற்குப் புறத்தேயும் வயிரம் இல்லை. தொல்காப்பியர் வகுத்தது சொல் வழங்கும் மரபு. அம்மரபினுள்ளே உலகியலை உற்று நோக்கிய கூர்மை பொதிந்து கிடக்கின்றது என்பதே நடுநிலையான முடிபு.

காழ் என்னும் சொல் மரத்தோடு நின்றுவிடவில்லை. விதை, மணிவடம், கம்பம், யானையைச் செலுத்தும் தோட்டி எனப் பல பொருள்களில் அது வழங்கியது. முள்மரத்தை இளமையிலேயே களைக என்னும் கருத்தமைந்த 879ஆம் குறளில், முதிர்ந்து இறுகுதலைத் திருவள்ளுவர் காழ்த்தல் என்னும் வினையாற் குறித்தார். நெஞ்சில் இறுகிப்போன பகையை இன்றும் காழ்ப்பு என்கின்றோர், தச்சன் வாய்ச்சொல்லையே வழங்குகின்றனர். காழ் இல்லாத மென்மரத்துக்கு வெளிறு என்று பெயர். அரியன கற்றாரிடத்தும் சிறிது அறியாமை இருத்தல் கூடும் என உரைக்கும் 503ஆம் குறளில், அவ்வறியாமையை வள்ளுவர் வெளிறு என்றார். மரத்தின் உறுதி அறிவின் உறுதிக்கு உவமையாயிற்று.

காழ் இவ்வாறு பரந்து வழங்க, புறக்காழ் என்பது பெரும்பாலும் இலக்கணத்திலும் உரையிலும் நிகண்டிலுமே ஒதுங்கி நின்றது. அங்கும் அதன் பொருள் சிறிது திரிந்தது. அகக்காழ் ஆண்மரம், புறக்காழ் பெண்மரம், வெளிறு அலிமரம் என நிகண்டு நூலார் மூன்றாக வகுத்தனர். ஈண்டு ஆண், பெண் என்பன வன்மை, மென்மை பற்றி வந்த பெயர்களேயன்றிக் காய்த்தல், காயாமை பற்றி வந்தன அல்ல. இவ்வேறுபாட்டை உணராதார் இடர்ப்படுவர். பனை இனம் முழுவதும் நிகண்டின்படி பெண்மரமே. இயற்கையிலோ பனையில் ஆண்பனை வேறு, பெண்பனை வேறு. ஆண்பனை பாளை விடும், காய் ஈனாது.

இதனை அறிந்தார்க்குத் திருவோத்தூர்த் திருவருட்செயலின் பெருமை இனிது விளங்கும். இக்காலத்திற் செய்யாறு எனப்படும் அத்தலத்தில் அடியார் ஒருவர் சிவபெருமானுக்கென்று பனைகளை வளர்த்தார். அவை யாவும் ஆண்பனைகளாயின. காய்க்கச் செய்தல் இயலுமோ என்று அயலார் எள்ளினர். அடியார் திருஞானசம்பந்தர் திருவடிகளில் விழுந்து முறையிட, பிள்ளையார் இறைவனைப் பாடினார். ஆண்பனைகள் குலை தள்ளின. அச்செய்தியை அப்பதிகத்தின் திருக்கடைக்காப்பே குறிக்கின்றது. அப்பனைகள் தம் காலம் கழிந்தபின் பிறவி நீங்கிச் சிவத்தைக் கூடின என்று சேக்கிழார் பெருமான் முடித்துக் கூறுகின்றார். பனை காய்த்தது ஓர் அற்புதம். பனை முத்தி பெற்றது அதனினும் பெரிய அற்புதம்.

பின்னதன் உட்பொருள் சைவர்க்கு இன்றியமையாதது. புல்லும் மரமும் ஓரறிவுயிர் என்று தொல்காப்பியர் கூறினார். தொட்டு உணரும் உணர்ச்சி ஒன்றே அவற்றுக்கு உண்டு. மணிவாசகப் பெருமான் சிவபுராணத்தில் உயிர் எடுத்து இளைத்த பிறவிகளை எண்ணும்போது முதலில் வைத்தது புல்லையே. மரத்தைப் பின்னர் வேறு கூறினார். புறக்காழ், அகக்காழ் என்னும் வேற்றுமை உடம்பைப் பற்றியது, உயிரைப் பற்றியதன்று. உடம்பு புல்லாயினும் அதனுள் நிற்கும் உயிர் சிவத்தை அடைதற்குரியதே என்பதைத் திருவோத்தூர்ப் பனைகள் காட்டி நின்றன.

தலமரங்களை நோக்கினும் இக்கருத்தே வலியுறும். திருக்கச்சியேகம்பத்தில் மாவும், திருவானைக்காவில் வெண்ணாவலும், திருவிடைமருதூரில் மருதும் தலமரங்கள். இவை அகக்காழ் உடையன. திருவோத்தூர், திருப்பனந்தாள், திருப்பனையூர் ஆகிய தலங்களிற் பனையும், திருநெல்வேலி, திருப்பாசூர் ஆகிய தலங்களில் மூங்கிலும் அச்சிறப்பைப் பெற்றன. இவை புறக்காழ் உடையன. திருப்பைஞ்ஞீலியில் வாழை வகையும் திருநள்ளாற்றில் தருப்பையும் தலமரம் என்றே போற்றப்படுகின்றன. இலக்கணம் புல் என்று ஒதுக்கியதையும் பத்திமை மரம் என்று அழைத்துத் திருவலகிட்டு வலம்வந்தது.

திருக்கோயிற் பணியில் இரண்டற்கும் தனித்தனி இடம் உண்டு. கொடிமரத்தின்மேல் செப்புத்தகடோ பித்தளைத்தகடோ போர்த்தியிருப்பினும், உள்ளே தாங்கி நிற்பது வயிரம் பாய்ந்த மரமே. தேரின் சட்டங்களுக்கும் அச்சுக்கும் இலுப்பை, தேக்கு, வேங்கை போன்றவற்றின் அகவயிரத்தையே தேர்வர். தெருவில் வடம் பிடிக்கும் ஆயிரவர் இழுப்பையும் தேரின் பாரத்தையும் தாங்குவது அவ்வகக்காழ். பந்தற்கால் மூங்கில், பந்தல் வேய்ந்த கீற்று, வாயிலிற் கட்டிய வாழையும் கமுகும், தோரணமாகிய குருத்தோலை ஆகியவை விழாக்கோலத்துக்கு உரியன. அவை பெரும்பாலும் புல்லின் பாற்பட்டவை.

ஆயினும் புல் சில நாட்களே நிற்பது, மரமே நெடுநாள் நிற்பது என்று கருதிவிடுதல் கூடாது. பன்னூறாண்டுகளாகத் தேவாரத்தைத் தாங்கியது தேக்கன்று, பனை. மூவர் பாடிய பதிகங்கள் பனையேட்டில் எழுதப்பெற்றுத் தில்லையில் ஓர் அறையிற் காப்பிடப்பட்டிருந்தன என்றும், இராசராச அபயகுலசேகர மன்னனும் நம்பியாண்டார் நம்பியும் அவ்வறையைத் திறப்பித்தபோது ஏடுகளைச் செல்புற்று மூடியிருந்தது என்றும், அரித்தன போக எஞ்சியவற்றையே நம்பிகள் தொகுத்தனர் என்றும் திருமுறைகண்ட புராணம் உரைக்கின்றது. இழந்தது பெரிது. எஞ்சியதும் ஓலையாலேயே எஞ்சியது.

ஓலை தானே நிலைத்து நின்றதுமன்று. ஈர்க்கு நீக்கி, வெந்நீரில் வேகவைத்து, உலர்த்தி, மழமழப்பாக்கி, எழுத்தாணியால் எழுதி, மையூட்டிக் காத்தாலும், சில நூற்றாண்டுகளில் ஏடு முறியும், பூச்சி துளைக்கும். அது சிதையுமுன் புதிய ஏட்டில் பெயர்த்தெழுதியவர்களாலேயே நூல் பிழைத்தது. திருக்கோயிலுக்குப் பன்னிரண்டு ஆண்டுக்கொருமுறை குடமுழுக்கு இயற்றுதல் போல, ஏட்டுக்குப் பெயர்த்தெழுதுதல் அமைந்தது. எழுதினார்க்கு உண்டியும் உறையுளும் கொடுத்துக் காத்த திருமடங்களும் செல்வர்களும் அத்திருப்பணியின் உபயகாரர் ஆவர்.

புறக்காழ் என்னும் சொல்லே அவ்வாறு காக்கப்பெற்றதுதான். மரபியலைத் தன்னகத்துக் கொண்ட பொருளதிகாரத்தைச் சி. வை. தாமோதரம்பிள்ளை 1885ஆம் ஆண்டு அச்சிற் பதிப்பித்தார். அதுகாறும் அந்நூல் ஏட்டிலேயே வாழ்ந்தது. பனையைப் புறக்காழ் உடையது என்று அறிவித்த சொல்லை அப்பனையின் ஓலையே சுமந்து வந்து பிற்காலத்தார் கையில் ஒப்புவித்தது. அது சுமந்திராவிடின், தென்னையையும் பனையையும் முன்னோர் எவ்வாறு நோக்கினர் என்பதை இன்று அறிய வழியில்லை.

பனை இன்று தமிழ்நாட்டின் மாநில மரம். பனையைக் காத்தல் வேண்டும் என்றும், அதனை வெட்டுதற்கு மாவட்ட ஆட்சியரின் இசைவு பெறுதல் வேண்டும் என்றும் 2021ஆம் ஆண்டு தமிழக வேளாண்மை நிதிநிலை அறிக்கையில் அறிவிக்கப்பட்டது. ஆணை ஒருபுறம் காக்க, அன்பும் ஒருபுறம் காத்தல் வேண்டும். தலமரம் பட்டுப்போன இடத்து அதன் பெயரைப் பலகையில் எழுதி வைத்தலால் மட்டும் கடமை நிறைவுறாது. சுற்றாலையிலும் திருக்குளக்கரையிலும் நந்தனவனத்திலும் அவ்வத் தலத்துக்குரியதை மீண்டும் நட்டு வளர்த்தலும் திருப்பணியே.

பனை காய்க்கப் பன்னிரண்டு ஆண்டுக்கு மேலும் ஆகும். நட்டவன் பார்ப்பதோடு நிற்பான், உண்பான் அவன் மகன் என்பது நாட்டு வழக்கு. இக்குடமுழுக்கிற்கு ஊன்றப்படும் பனை, அடுத்த குடமுழுக்கினை ஒட்டியோ அதற்குப் பின்னரோதான் பாளை விடும். அது ஆண்பனையோ பெண்பனையோ என்பது அன்று வரை எவர்க்கும் தெரியாது. திருவோத்தூர் அடியார்க்கும் தெரிந்திருக்கவில்லை. பயனைத் தமக்கென எண்ணாமல் இறைவனுக்கென்றே அவர் நட்டு நீர் வார்த்தார். கொடிமரத்துக்கு வயிரமரம் வழங்க வல்லார் சிலரே. பனங்கொட்டை ஒன்றை ஊன்ற எவர்க்கும் இயலும். காழ் என்பதற்கு விதை என்பதும் ஒரு பொருள் அன்றோ! செல்வம் உடையார் அகக்காழ் கொணர்ந்து தேர் அமைக்க, இல்லாதார் ஒரு காழினை மண்ணில் ஊன்றுக. இரு திறத்தார் தொண்டையும் இறைவன் ஒப்ப ஏற்றருள்வான். எல்லாம்வல்ல சிவபெருமான் திருவருள் அத்தொண்டினைத் தழைப்பிப்பதாக.