செட்டில்

‘நாற்பத்தஞ்சு ஆச்சு, இன்னும் செட்டில் ஆகலை’ என்று பெருமூச்சு விடுவோருக்கு இந்தச் சொல் வேலை, வீடு, மகளின் கல்யாணம் எல்லாம் சேர்ந்த மூட்டை. ஆங்கிலத்தில் இதன் வேர், இருக்கையைக் குறிக்கும் ‘செட்ல்’ என்ற பழஞ்சொல். உட்கார இடம் கிடைத்தவரே செட்டில் ஆனவர். நம் ‘இரு’வும் அப்படித்தான்: இருப்பதும் அதுவே, உட்கார்வதும் அதுவே. நடுவயதில் வரும் அந்தத் தவிப்புக்கு ‘இருப்புக்கொள்ளலை’ என்பதைவிடப் பொருத்தமான சொல் எனக்குத் தெரியவில்லை.

அந்தமானில் இதே சொல் அரசாங்கத்தின் வாயிலிருந்து வந்தது. 1858-இல் போர்ட் பிளேரில் கைதிகளை இறக்கிய ஆங்கிலேயர் அந்தக் குடியிருப்புக்கு ‘பீனல் செட்டில்மென்ட்’ என்று பெயரிட்டனர். நாடுகடத்தப்பட்டவனை உட்காரவைத்த இடம்! ஒழுங்காக நடந்துகொண்டவர்களுக்குச் சில ஆண்டுகள் கழித்து நிலமும் மணம் செய்ய அனுமதியும் கிடைத்தன. 1949 முதல் கிழக்கு வங்க அகதிகள் வந்தார்கள், அவர்கள் ‘செட்லர்’. ஜப்பானியர் தீவைப் பிடித்த ஆண்டை எல்லையாக வைத்து, அதற்கு முன்பே இருந்தோர் வழியினருக்கு ‘பிரீ-42’ என்று பெயர்.

சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தப்படி (1964) இலங்கை மலையகத்திலிருந்து திரும்பிய தமிழர் சிலர் அந்தமானுக்குத் தெற்கே நிக்கோபாரிலுள்ள கச்சால் தீவின் ரப்பர் தோட்டத்தில் குடியேற்றப்பட்டனர். பாதி ஆயுளைத் தேயிலை மலையில் கழித்துவிட்டு முதலிலிருந்து தொடங்கியவர்களும் அவர்களில் உண்டு. 2004 சுனாமி கச்சாலையும் விடவில்லை.

தீவில் பிறந்து தீவிலேயே வளர்ந்த, அந்தக் குடியேறிகளின் பேரப்பிள்ளைகளையும் இன்றுவரை ‘செட்லர்’ கணக்கில்தான் சேர்க்கிறார்கள்.