நாரை எப்புள்?

விழுப்புரத்தினின்று புதுவை செல்லும் நெறியிற் கோலியனூரைச் சூழ்ந்த நெல்வயல்களில் நிற்கும் நெடுங்காற் பறவைகளை மக்கள் கொக்கு, நாரை என வேறுபடுத்தியே வழங்குவர். நம் மாணவரோ நாரையை ஆங்கிலத்திற் பெயர்க்குங்கால் ‘கிரேன்’ என எழுதி அமைகின்றனர். இது பாட்டின் பொருளையே சிதைப்பதாகும்.

‘கிரேன்’ எனப்படும் இனத்திற்குப் பின்விரல் சிறுத்து மேலேறி நிற்கும். ஆதலின் அது கிளையைப் பற்றி அமராது. முடியுடைய ஆப்பிரிக்க வகைகள் இதற்கு விலக்கு. வடநாட்டுச் சாரசம் ஏறத்தாழ ஆறடி உயர்ந்தும் நிலத்திலேயே கூடு கட்டும். குறுந்தொகை 296ஆம் பாட்டின் நாரையோ புன்னைக் கிளையில் இருக்கின்றது. கழிமீனை வெறுத்து வயலை விரும்புகின்றது. மரத்தில் அமரும் அப்புள் ‘கிரேன்’ ஆதல் யாங்ஙனம்?

கொக்கினத்தினின்றும் நாரையைப் பிரித்தறியலாம். பறக்குங்கால் கொக்குக் கழுத்தை மடக்கும். ‘ஸ்டார்க்’ எனப்படும் நாரை பெரும்பாலும் நீட்டும். சத்திமுற்றப் புலவர் தம் நாரைக்குச் செங்காலும், பிளந்த பனங்கிழங்கனைய செவ்வலகும் கூறி, அது பெடையொடு வடதிசை மீளும் என்பர். மஞ்சள் மூக்குடைய வேடந்தாங்கல் நாரைக்கு இவ்வலகு பொருந்தாது. குளிர்காலத்தில் இந்நாடு போந்து வேனிற்கு முன் வடக்கே பெயரும் வெண்ணாரைக்கே காலும் அலகும் ஒருங்கே சிவந்தன. வறுமையுற்ற அப்புலவர் கண்கூடாகக் கண்டே பாடினார் என்பது எம் துணிபு.

1976இல் பி. எல். சாமி சங்கப் புள்ளினங்களைப் பறவைநூலோடு இயைத்து நூலொன்று வெளியிட்டார். குருகு என்பது நீர்ப்பறவை பலவற்றிற்கும் வழங்கும் பொதுப்பெயராதலின், அஃது இடந்தோறும் தனித்து ஆராயற்பாலது.