ஒரே தாய், ஒரே நோய்



வாழைக்குப் பக்கக்கன்று, கரும்புக்குக் கரணை, உருளைக்குக் கிழங்கு. இவற்றை நட விதை வேண்டியதில்லை. மகரந்தம் சேராததால் வேறு குணம் கலக்க வழியில்லை. தாய் எப்படியோ, பிள்ளையும் அச்சு அசலாய் அப்படியே! இந்த ஒரே தாய்க் கூட்டத்துக்கு அமெரிக்க விஞ்ஞானி ஹெர்பர்ட் வெப்பர் 1903-ல் ஒரு பேர் வைத்தார்: ‘குளோன்’. சிறு கிளை என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து எடுத்தது.

விதையிலும் இந்த ஒற்றுமை உண்டு. தன் பூவின் மகரந்தத்தாலேயே காய்க்கும் ஒற்றைச் செடியின் சந்ததியை, அதே 1903-ல் டென்மார்க்கின் யோஹான்சன் பீன்ஸில் ஆராய்ந்து, ‘தூய வழி’ என்றார். நம்ம நெல்லும் பெரும்பாலும் அப்படி மணி பிடிப்பதுதான்.

ஒரே மாதிரி விளைந்தால் நல்லதுதானே என்பீர்கள். நல்லதுதான், ஆனால் நோய்க்கும் அது வசதி. அயர்லாந்து ஏழைக் குடியானவர்கள் ‘லம்பர்’ என்ற ஒரே ரக உருளையைத்தான் பெரிதும் நம்பியிருந்தார்கள். 1845-ல் இலைக்கருகல் நோய் வந்தது. ஒரு செடிக்கு இல்லாத எதிர்ப்புச் சக்தி எந்தச் செடிக்கும் இல்லை. வயல் வயலாகக் கிழங்கு அழுகியது. அடுத்த சில ஆண்டுகளில் பசியாலும் காய்ச்சலாலும் சுமார் 10 லட்சம் பேர் மாண்டார்கள். ஏறக்குறைய அதே அளவு பேர் ஊரைவிட்டுக் கப்பலேறினார்கள். விளைந்த தானியமோ அப்போதும் இங்கிலாந்துக்குப் போய்க்கொண்டிருந்தது!

ஆகவே, வாடல் நோய் கண்ட தோப்பில் வாழைக்கன்று எடுக்காதீர்கள். கன்றோடு நோயும் வரும். நிலம் முழுக்க ஒரே ரகத்தையே நம்பாமல், இரண்டு மூன்று ரகம் வையுங்கள். ஒன்று போனாலும் ஒன்று கைகொடுக்கும்.