மண்ணில் வாழும் புழு மனித உடலுக்குள் புகும்போது

காலபோக மழையோடு வன்னியின் வயல்கள் நனைகின்றன. இரணைமடுவின் கீழும் முத்தையன்கட்டின் கீழும் வெறுங்காலுடன் வயலில் இறங்கும் விவசாயி, கண்ணுக்குப் புலப்படாத பெருங்கூட்டமொன்றின் மீதே நடக்கிறார். ஒரு பிடி ஈரமண்ணில் நூற்றுக்கணக்கான, சில வேளைகளில் ஆயிரக்கணக்கான நுண் உருளைப்புழுக்கள் இருக்கும். நிலத்தில் வாழும் விலங்குகளில் ஐந்தில் நான்கு இவைதாம் என 2019 இல் வெளியான உலகளாவிய மதிப்பீடு ஒன்று கூறுகிறது. இவற்றுட் பெரும்பாலானவை பற்றீரியாக்களையும் பங்கசுக்களையும் உண்டு மண்வளத்தைப் பேணுபவை. மனிதனால் இவற்றுக்கு ஆவதொன்றுமில்லை. 2002 ஆம் ஆண்டின் மருத்துவ நோபல் பரிசுக்குரிய ஆய்வுகளுக்குப் பயன்பட்ட சீனோரப்டிடிஸ் எலிகன்ஸ் என்ற புழுவும் இத்தகைய சுதந்திர வாழ்வினதே.

எனினும், அரிதாகச் சில இனங்கள் எல்லை மீறுகின்றன. அவற்றுள் மிகக் கொடியது ஹலிசெபலோபஸ் ஜின்ஜிவாலிஸ். அரை மில்லிமீற்றர் நீளம்கூட இல்லாத இப்புழு எருவிலும் உக்கும் இலைகுழைகளிலும் வாழ்கிறது. குதிரைகளின் மூளையைத் தாக்குவதாலேயே கால்நடை வைத்தியர்கள் இதனை அறிந்திருந்தனர். மனிதரில் முதற் சம்பவம் கனடாவிலிருந்து 1975 இல் அறிவிக்கப்பட்டது. எரு தூவும் இயந்திரத்தில் சிக்கிக் காயமுற்ற ஐந்து வயதுச் சிறுவனின் மூளையைப் புழு சென்றடைந்திருந்தது. 2013 இல் பிரித்தானியாவின் கார்டிப் நகரில், ஒரே கொடையாளியிடமிருந்து சிறுநீரகம் பெற்ற இருவர் இப்புழுவினால் உயிரிழந்தனர். இதுவரை உலகெங்கும் அறியப்பட்ட மனிதத் தொற்றுகள் விரல்விட்டு எண்ணத்தக்கவை. ஏறத்தாழ அனைத்தும் மரணத்திலேயே முடிந்தன.

பெலோடெரா என்ற மற்றொரு மண்புழுவினம் ஈர வைக்கோலில் படுக்கும் நாய்களின் தோலில் சொறியை உண்டாக்குவது. மிக அரிதாக மனிதத் தோலிலும் இது காணப்பட்டுள்ளது. அதனால் உயிராபத்தில்லை.

இவற்றைப் படித்துவிட்டு எருக்குவியலைக் கண்டு அஞ்ச வேண்டியதில்லை. வன்னி மக்கள் கருத்திற்கொள்ள வேண்டியது வேறொன்று. மண்ணிற் பாதி, மனிதனிற் பாதி என வாழ்வை வகுத்துக்கொண்ட ஸ்ரொங்கிலோயிடஸ் ஸ்ரெர்கோராலிஸ் என்ற புழுவே அது. 1876 இல், இன்றைய வியட்நாமின் தென்பகுதியிலிருந்து திரும்பிய பிரெஞ்சுப் படையினரில் இது கண்டறியப்பட்டது. இலங்கை உட்பட வெப்பமும் ஈரமும் சேர்ந்த நாடுகளெங்கும் உள்ளது. மலத்துடன் வெளியேறும் குடம்பிகள் மண்ணில் ஆணும் பெண்ணுமாக வளர்ந்து ஒரு தலைமுறை சுதந்திரமாக வாழவல்லவை. அவற்றின் வழிவரும் குடம்பிகள் வெறும் பாதத்தின் தோலைத் துளைத்து, இரத்தத்துடன் நுரையீரலை அடைந்து, தொண்டை வழியே விழுங்கப்பட்டுச் சிறுகுடலில் தங்குகின்றன.

ஏனைய குடற்புழுக்கள் பெரும்பாலானவற்றுக்கு இல்லாத ஓர் ஆற்றல் இதற்குண்டு. குடலிலேயே முதிரும் குடம்பிகள் அதே உடலுக்குள் மீண்டும் புகும். ஆதலால் ஒருமுறை பெற்ற தொற்று ஆயுள் முழுவதும் நீடிக்கலாம். இரண்டாம் உலகப் போரில் சியாம் மரண ரயில் பாதையில் வேலை வாங்கப்பட்ட பிரித்தானியப் போர்க்கைதிகளில் நாற்பது ஆண்டுகளுக்குப் பின்னரும் இப்புழு இருந்தது. அதே பாதையில்தான் மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுசெல்லப்பட்ட தமிழ்த் தொழிலாளர் ஆயிரமாயிரமாய் மடிந்தனர்.

பலருக்கு அறிகுறியே தோன்றாது. சிலருக்கு வயிற்றுவலியும், பிட்டத்திலோ தொடையிலோ மணிக்குப் பல சென்ரிமீற்றர் வேகத்தில் நகரும் அரிப்புக் கோடும் தோன்றும். நோயெதிர்ப்பைத் தணிக்கும் பிரெட்னிசொலோன், டெக்ஸாமெதசோன் போன்ற ஸ்ரீரொயிட் மருந்துகள் கொடுக்கப்படும்போதே விபரீதம் நேர்கிறது. அடங்கியிருந்த புழுக்கள் கட்டின்றிப் பெருகி நுரையீரலுக்கும் மூளைக்கும் பரவுகின்றன. குடற் பற்றீரியாக்களும் உடன் செல்வதால் குருதி நஞ்சாகி நோயாளி இறக்க நேரிடுகிறது. நுரையீரலூடு செல்லும் குடம்பிகள் தொய்வு போன்ற இழுப்பை உண்டாக்க, அதற்கென்றே ஸ்ரீரொயிட் வழங்கப்படுவதும் உண்டு. 2020 இல் கொரோனா நோயாளருக்கு டெக்ஸாமெதசோன் வழங்கப்பட்டபோது இந்த அபாயம் உலகெங்கும் பேசப்பட்டது.

வன்னியில் இக்கேள்விக்குத் தனிக் கனம் உண்டு. 2009 இல் செட்டிகுளம் மெனிக்பாம் முகாம்களில் இரண்டரை இலட்சம் வரையான மக்கள் அடைக்கப்பட்டனர். போதிய மலசலகூடங்கள் இல்லாத நிலத்தில், மழைச் சேற்றினூடே மாதக்கணக்கில் அவர்கள் வாழ்ந்தனர். இத்தகைய மண்ணே இப்புழுவுக்கு உகந்தது. அன்று சிறுவராயிருந்தோர் இன்று வளர்ந்துவிட்டனர். பெரியோர் தொய்வுக்கும் மூட்டுவாதத்துக்கும் சிறுநீரக நோய்க்கும் மருந்துண்ணும் வயதினர்.

வயலுக்குச் செருப்புடன் இறங்குமாறு உபதேசிப்பதில் பயனில்லை. சேற்றில் செருப்பு நிற்காது. மலம் மண்ணிற் சேராதிருக்க மலசலகூடம் வேண்டும். நீண்டகால ஸ்ரீரொயிட் சிகிச்சைக்கு முன்னர் பரிசோதனை வேண்டும். ஒருமுறை மலத்தைச் சோதித்துப் புழுவில்லை எனக் கூறுவது போதாது. குடம்பிகள் குறைவாகவும் விட்டுவிட்டுமே வெளிவருவதால் பல நாள் மாதிரிகளோ குருதியில் பிறபொருளெதிரிச் சோதனையோ தேவைப்படும். ஈயோசினோபில் கலங்களின் உயர்வு ஒரு தடயமாகலாம். ஆனால் தொற்று முற்றிய வேளையில் அவ்வுயர்வு காணாமற் போவதும் உண்டு. பாடசாலைகளில் வழங்கும் ஒருவேளைப் பூச்சிமாத்திரையும் இதனை ஒழிக்காது. ஐவர்மெக்ரினே உரிய மருந்து. ஐந்து சதவீதத்துக்குக் குறையாத தொற்றுள்ள பிரதேசங்களில் ஐந்து வயதுக்கு மேற்பட்டோர் அனைவருக்கும் ஆண்டுக்கொருமுறை அதனை வழங்குமாறு உலக சுகாதார ஸ்தாபனம் 2024 இல் பரிந்துரைத்துள்ளது. வன்னி அந்த எல்லையைத் தாண்டுகிறதா என்பதைக் கணக்கெடுப்பின் மூலமே அறிய முடியும். அதனைச் செய்யவேண்டியது சுகாதாரத் திணைக்களத்தின் கடமை.