அன்னா: அருள் என்னும் பெயர்



திருமுழுக்குக்குப் பெயர் கொடுக்க வரும் இளம் பெற்றோரிடம், "பாட்டியின் பெயரையே வைக்கலாமே" என்றால் தயங்குகிறார்கள். "அன்னம்மாள் என்பது பழைய பெயராச்சே ஃபாதர்" என்கிறார்கள். அந்தப் பழைய பெயர் எங்கிருந்து வந்தது, அதைத் தாங்கியவர்கள் யார் என்று இன்று சிந்திப்போம்.

எபிரேய மொழியில் இப்பெயர் 'ஹன்னா'. அருள், இரக்கம், தயவு என்று பொருள் தரும் வேரிலிருந்து பிறந்தது. 'ஆண்டவர் அருள்கூர்ந்தார்' எனப் பொருள்படும் யோவான் என்ற பெயருக்கும் அதே வேர்தான். கிரேக்க நெடுங்கணக்கில் 'ஹ' என்ற ஒலிக்குத் தனி எழுத்து இல்லாததால், கிரேக்க விவிலியத்தில் அது 'அன்னா' ஆயிற்று. நம் முன்னோர் மரியாதையோடு 'அம்மாள்' சேர்த்து அன்னம்மாள் என்றார்கள். 'அன்னை' என்ற நம் சொல்லோடு ஒலியில் ஒத்திருந்தாலும் வேர் வேறு.

விவிலியத்தில் முதல் அன்னா எல்கானாவின் மனைவி, குழந்தை இல்லாதவர். சீலோவில் ஆண்டவர் திருமுன் உதடு மட்டும் அசைய அழுது மன்றாடினார். குரு ஏலி அவரைக் குடிகாரி என்று எண்ணிக் கண்டித்தார். அன்னா தம் மனத்துயரை எடுத்துச் சொன்ன பிறகே ஏலி ஆசி கூறினார். அந்தக் கண்ணீரின் பலன்தான் இறைவாக்கினர் சாமுவேல். மகனை ஆண்டவருக்கே கையளித்த அன்னா பாடிய புகழ்ப்பாடலின் எதிரொலியை மரியாவின் பாடலில் நாம் கேட்கிறோம்.

அடுத்தவர் தோபித்தின் மனைவி அன்னா. கணவர் பார்வை இழந்தபோது கூலிக்கு நெய்து குடும்பம் காத்தவர். கூலியோடு அன்பளிப்பாகக் கிடைத்த ஆட்டுக்குட்டியைத் திருட்டுப் பொருள் என்று சந்தேகித்தார் பக்திமானான அவர் கணவர்.

லூக்கா நற்செய்தியில் வரும் அன்னா, ஆசேர் குலத்தைச் சேர்ந்த பானுவேலின் மகள். மணமாகி ஏழே ஆண்டுகளில் கணவரை இழந்தவர். கோவிலைவிட்டு நீங்காமல் நோன்பிருந்து மன்றாடிய இந்த முதியவர், குழந்தை இயேசுவைக் கண்டு மீட்புக்காகக் காத்திருந்த எல்லாரிடமும் அவரைப் பற்றிப் பேசினார்.

மரியாவின் தாய் அன்னாவின் பெயர் விவிலியத்தில் இல்லை. இரண்டாம் நூற்றாண்டில் எழுதப்பட்ட 'யாக்கோபின் முதல் நற்செய்தி' என்ற நூலே அதைத் தருகிறது. திருச்சபை அதை இறைவார்த்தையாக ஏற்கவில்லை. எனினும் அதிலுள்ள மரபைப் போற்றிக் காத்தது. அந்த நூலிலும் அன்னா குழந்தையின்மைக்காக ஏளனம் பட்டவரே. 1584-இல் திருத்தந்தை 13-ஆம் கிரகோரி அவர் விழாவைத் திருச்சபை முழுவதற்கும் விரிவுபடுத்தினார். இன்று சுவக்கின், அன்னா இருவரையும் ஜூலை 26-இல் நினைவுகூர்கிறோம். இலங்கையின் தலவில அன்னம்மாள் திருத்தலத்தில் தமிழரும் சிங்களரும் சேர்ந்தே மன்றாடுகிறார்கள்.

அன்பானவர்களே, கவனித்தீர்களா? 'அருள்' என்ற பெயரைத் தாங்கியவர்களில் மூவர் பழிச்சொல் கேட்டவர்கள். பழித்தவர்களில் ஒருவர் குரு, ஒருவர் பக்தியுள்ள கணவர். ஆகவே பலிபீடத்தில் நிற்கும் நாமும் நம்மைச் சோதித்துப் பார்க்க வேண்டும்.

வளைகாப்புக்கு அழைக்காமல் நாம் ஒதுக்கிய சகோதரி யார்? 'மலடி' என்ற சொல் நம் வீட்டில் யார் காதில் விழுந்தது? கோவிலில் தனியே அழுதவரைப் பார்த்து நாம் என்ன நினைத்தோம்? கணவரை இழந்த பெண்ணைச் சுபகாரியத்தில் பின்வரிசையில் அமர்த்தினோமா? குழந்தை இயேசுவைப் பற்றி எருசலேமில் பேசியவர் ஒரு கைம்பெண் என்பதை மறந்துவிட வேண்டாம்.

பேத்திக்கு அன்னா என்று பெயரிடுங்கள், நல்லது. அதற்குமுன், இந்த வாரமே அத்தகைய ஒருவர் வீட்டுக்குச் சென்று, ஏலியைப்போல் தாமதமாகவாவது, ஓர் ஆசிமொழி சொல்லி வருவோம்.

இறைவன் நம் அனைவரையும் ஆசீர்வதிப்பாராக. ஆமென்.